ஃபர்தீனிடம் பார்க்க என்ன இருக்கிறது?

அன்புள்ள சார்,

மஸ்கட்டில் வேலை பார்க்கிறேன். ஈரான் சினிமா என்றால் எனக்கு கியாரொஸ்தாமி, மஜீதி, ஃபர்ஹாதிதான். எங்கள் அலுவலகத்தில் வயதான ஈரானியர் ஒருவர் இருக்கிறார். அவரிடம் இவர்களைப் பற்றி உற்சாகமாகப் பேசினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "ஃபர்தீன் படம் பார்த்திருக்கிறாயா?" என்றார். தேடிப் பார்த்தேன். பாட்டு, சண்டை, ஏழைக் கதாநாயகன், பணக்காரப் பெண், அப்படியே நம் பழைய மசாலா. இவ்வளவு நுட்பமாகப் படம் எடுக்கும் நாட்டில் இவரை ஏன் இன்னும் கொண்டாடுகிறார்கள்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

பெரியவர் கேட்டது சரியான கேள்வி. நீங்கள் சொன்ன மூவரும் எனக்கும் பிடித்தவர்கள்தான். ஆனால் அறுபதுகளில் தெஹ்ரான் தியேட்டர் வாசல்களில் முண்டியடித்த ஜனம் யாருக்காக வந்தது என்று தெரியாமல் அந்த நாட்டு சினிமாவைத் தெரிந்துகொண்டதாகச் சொல்ல முடியாது.

முகமது அலி ஃபர்தீன் முதலில் மல்யுத்த வீரர். 1954ல் டோக்கியோவில் நடந்த உலகப் போட்டியில் வெள்ளிப் பதக்கம் வாங்கியவர். ஈரானியர்கள் மல்யுத்த வீரனிடம் உடல் பலத்தோடு நேர்மையையும் எளியவனுக்கு இரங்கும் மனதையும் சேர்த்தே எதிர்பார்ப்பார்கள், பஹ்லவான் என்று அவர்கள் மரியாதையோடு சொல்வது அப்படிப்பட்ட ஆளைத்தான். 1959ல் அவர் திரைக்கு வந்தபோது அந்த மரியாதையும் கூடவே வந்தது. அவர் திரையில் ஏழைக்காகக் கையை ஓங்கினால் ஜனம் நம்பியதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

1965ல் வந்த 'கஞ்ஜே காரூன்' அவரை எங்கோ கொண்டுபோய்விட்டது. வாழ்க்கை வெறுத்துப்போன பெரும் பணக்காரர் ஒருவர் இஸ்ஃபஹானில் ஆற்றில் குதிக்கிறார், கையில் காசில்லாமல் பாடித் திரியும் ஃபர்தீன் காப்பாற்றித் தன் வீட்டுக்குக் கூட்டிப்போகிறான், அங்கே தரையில் உட்கார்ந்து எல்லோரும் ஆப்கோஷ்த் சாப்பிடுகிறார்கள். (கறியும் கொண்டைக்கடலையும் போட்டுக் கொதிக்க வைத்த குழம்பு அது, ரொட்டியைப் பிய்த்துப் போட்டுச் சாப்பிடுவார்கள், சாதாரண வீட்டுச் சாப்பாடு.) தன்னையும் தாயையும் கைவிட்டுப் போன தகப்பன் அவர்தான் என்பது பிறகுதான் மகனுக்குத் தெரிகிறது. கதை உங்களுக்குப் பழகியதாகத்தான் இருக்கும். ஆனால் அந்தச் சாப்பாட்டுக் காட்சியில் ஃபர்தீனின் முகத்தைப் பாருங்கள். வறுமையைப் பற்றிய வெட்கம் துளியும் கிடையாது. மன்னர் ஷா காலத்து எண்ணெய்ப் பணம் நகரத்தையே மாற்றிக்கொண்டிருந்தபோது, கிராமத்தை விட்டு தெஹ்ரானுக்குப் பிழைக்க வந்தவனுக்கு அந்த முகம் எவ்வளவு தெம்பு கொடுத்திருக்கும்!

நம் மசாலா போல இருக்கிறது என்றீர்கள். அதில் ஆச்சரியமில்லை, இந்திப் படங்கள் அங்கே ரொம்பப் பிரபலம். இன்னொன்றும் சொல்கிறேன். அதே 1965ல் 'எங்க வீட்டுப் பிள்ளை'யை இயக்கிய தாபி சாணக்யா, சில ஆண்டுகள் கழித்து ஃபர்தீனையும் வைத்துப் படம் எடுத்தார். இந்தியில் 'சுபஹ் ஓ ஷாம்', பாரசீகத்தில் 'ஹுமாயே சஆதத்', வஹீதா ரஹ்மானும் சஞ்சீவ் குமாரும் கூட நடித்தார்கள். எம்.ஜி.ஆரை இயக்கிய அதே ஆள் ஃபர்தீனையும் இயக்கியிருக்கிறார்!

விமர்சகர்கள் இந்த வகைப் படங்களை 'ஃபில்ம்ஃபார்சி' என்று இளக்காரமாகச் சொன்னார்கள். அவர்கள் சொன்ன குறைகள் பல உண்மைதான், கதையில் தற்செயல்கள் அதிகம், பெண்களைக் காட்டிய விதம் பல இடங்களில் எனக்கே உறுத்துகிறது. ஆனால் படத்தின் குறையைச் சொல்லிவிட்டு அதைப் பார்த்து அழுதவனையும் மட்டமாக நினைப்பது எனக்கு ஒப்பவில்லை.

1979 புரட்சிக்குப் பிறகு அந்தப் படங்களின் மதுவும் நடனமும் முக்காடில்லாத பெண்களும் குற்றமாகிவிட்டன. பெஹ்ரூஸ் வொசூகி போன்ற நடிகர்கள் அமெரிக்காவில் தங்கிவிட, ஃபர்தீன் நாட்டிலேயே இருந்தார். 1982ல் ஈராக்குடன் நடந்த போரின் பின்னணியில் 'பர்ஸகிஹா' வந்தது, கூட்டம் அலைமோதியது, படத்தைத் தியேட்டரிலிருந்து எடுத்துவிட்டார்கள். அதோடு சரி. 2000 ஏப்ரலில் மாரடைப்பில் இறக்கும்வரை, 18 ஆண்டுகள், அவர் கேமரா முன்னால் வரவே இல்லை. ஐம்பதை ஒட்டிய வயது, ஒரு நடிகன் தன் பழைய வேஷங்களை உதறிவிட்டு வேறொன்றாக மாறக்கூடிய வயது. அந்த ஆண்டுகளைப் பிடுங்கிக்கொண்டதை என்னால் ஏற்கவே முடியவில்லை.

மக்கள் மட்டும் விடவில்லை. வீடியோவுக்கே தடை இருந்த நாட்களிலும் திருட்டு கேசட்டில் வீட்டுக்கு வீடு அவரைப் பார்த்தார்கள். தெஹ்ரானில் நடந்த இறுதி ஊர்வலத்தில் ஆயிரக்கணக்கில் ஜனம் திரண்டது. பெரியவர் உங்களிடம் அவர் பெயரைச் சொன்னது ஏன் என்று இப்போது புரிந்திருக்கும்.

அப்புறம், 'கஸல்' பாருங்கள். 1976ல் மசூத் கிமியாய் எடுத்தது. காட்டுக் காவலர்களான அண்ணன் தம்பி இருவர் ஒரே பெண்ணை விரும்புகிற கதை. ஃபர்தீனின் வழக்கமான கலகலப்பு எதுவும் இல்லாத இறுகிய படம், அவர் எவ்வளவு தூரம் போயிருப்பார் என்பது இதில் தெரியும். பார்த்துவிட்டு, பெரியவர் என்ன சொன்னார் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.