பாட்காஸ்டுக்குக் குறைந்த செலவில் மைக்: கேள்வி பதில்

வடபழனியில் டப்பிங் ஒலிப்பதிவுக் கூடம் ஒன்றில் வேலை பார்க்கிறேன். பாட்காஸ்ட் தொடங்க நினைப்பவர்கள் மைக் பற்றிக் கேட்டிருந்த கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன். ஒரே மாதிரியான கேள்விகளை ஒன்றாகச் சேர்த்துவிட்டேன். எந்த மைக் நிறுவனமும் எனக்கு இதுவரை எதையும் இலவசமாகத் தந்ததில்லை. ஆகவே தாட்சண்யம் பார்க்காமல் பேசலாம்.

ஆவடி, கல்லூரி மாணவி: அண்ணா, கையில் 1500 ரூபாய்தான் இருக்கிறது. கதை சொல்லும் பாட்காஸ்ட். செல்போனில்தான் பதிவு செய்யப்போகிறேன். எதை வாங்கலாம்?

தங்கச்சி, முதல் இரண்டு கதைகளைச் செல்போனின் சொந்த மைக்கிலேயே பதிவு செய்து பார். போனை வாயிலிருந்து ஒரு சாண் தூரத்தில், சற்றே பக்கவாட்டில் பிடித்துக்கொள். அதற்குப் பிறகும் வாங்கத்தான் வேண்டும் என்று தோன்றினால் போயா எம்1 காலர் மைக் போதும். ஆறு மீட்டர் ஒயருடன் வரும். ஒயரின் நடுவில் ஒரு சின்னப் பெட்டியும் அதில் ஒரு ஸ்விட்சும் இருக்கும். செல்போனில் பதிவு செய்யும்போது அது போன் பக்கம் இருக்க வேண்டும். கேமரா பக்கம் தள்ளியிருந்தால் பதிவே ஆகாமல் போகலாம். மைக் பழுது என்று திருப்பிக் கொடுத்தவர்களில் பாதிப் பேர் அந்த ஸ்விட்சைப் பார்த்திருக்க மாட்டார்கள் என்பது என் சந்தேகம். உன் போனில் இயர்போன் துளை இல்லையென்றால், டைப்-சி முனையோடு வரும் எம்3 வாங்கு.

தாடைக்கு ஒரு சாண் கீழே குத்திக்கொள். துப்பட்டா அதில் உரசக் கூடாது. சிந்தெடிக் துணி உரசும் சத்தத்தை எந்த மென்பொருளாலும் ஒழுங்காக நீக்க முடியாது.

மயிலாப்பூர், ஓய்வுபெற்ற ஆசிரியர்: கண்டன்சர் மைக்தான் ஸ்டுடியோ தரம், டைனமிக் எல்லாம் மேடையில் பேசுகிறவர்களுக்கு என்று கடைக்காரர் சொல்கிறார். உண்மையா?

பாதி உண்மை ஐயா. கண்டன்சரில் மிக மெல்லிய சவ்வு ஒன்று உலோகத் தகட்டுக்கு எதிரே இருக்கும். சவ்வு லேசானது என்பதால் சிறு அசைவும் அதில் பதியும். டைனமிக்கில் சவ்வோடு ஒரு கம்பிச் சுருளும் ஒட்டியிருக்கும். காந்தத்துக்கு நடுவே அந்தச் சுருள் அசைந்தால்தான் மின்சாரம் பிறக்கும். சுமை அதிகம் என்பதால் கொஞ்சம் மந்தம்.

நாங்கள் ஸ்டுடியோவில் கண்டன்சர் வைத்திருப்பதற்குக் காரணம், அந்த அறை அமைதியாக இருப்பதுதான். உங்கள் வீட்டில் பக்கத்துச் சமையலறைக் குக்கர் விசில், காய்கறி வண்டிக்காரரின் ஒலிபெருக்கி, எதிர் வீட்டுக்காரர் வண்டியைக் கிளப்பும் சத்தம் எல்லாவற்றையும் கண்டன்சர் அட்சரசுத்தமாகப் பதிவு செய்து தரும்.

அதற்காக டைனமிக் இரைச்சலை வடிகட்டிவிடும் என்றும் நம்பிவிடாதீர்கள். எந்த மைக்குக்கும் வடிகட்டத் தெரியாது. டைனமிக்கை வாய்க்கு நான்கு விரல் தூரத்தில் வைத்துப் பேசலாம், கெயினை, அதாவது மைக்கின் சிக்னலைப் பெருக்கும் அளவை, குறைக்கலாம். காப்பாற்றுவது அந்த நெருக்கம்தான். தூரம் இரண்டு மடங்கானால் உங்கள் குரல் 6 டெசிபல் குறையும். அறையின் இரைச்சலோ இருந்த இடத்திலேயே இருக்கும். நான்கு விரல் எட்டு விரலாகி, எட்டு ஒரு முழமாகும்போது கேட்பவர் காதுக்குக் குரலைவிட அறைதான் அதிகம் போய்ச் சேர்கிறது.

டைனமிக் வாங்குவதென்றால் சாம்சன் க்யூ2யு, ஆடியோ-டெக்னிகா ஏடிஆர்2100எக்ஸ் இரண்டும் நம்பகமானவை. இன்னும் மலிவாக வேண்டுமென்றால் ஃபிஃபைன் ஏஎம்8, மாவோனோ பிடி200எக்ஸ். இந்த நான்கிலும் லேப்டாப்புக்கான யு.எஸ்.பி., ஸ்டுடியோ கருவிகளுக்கான எக்ஸ்.எல்.ஆர். இரண்டு இணைப்பும் உண்டு. இன்று லேப்டாப்பில் நேராகச் செருகலாம். நாளை இன்டர்ஃபேஸ் (எக்ஸ்.எல்.ஆர். மைக்கை லேப்டாப்போடு இணைக்கும் பெட்டி) வாங்கினாலும் மைக்கை மாற்ற வேண்டியதில்லை.

பெரம்பூர்: இணையத்தில் ஸ்டாண்டு, பஞ்சு உறை, ஒயர் எல்லாம் சேர்த்து பிஎம்-800 மைக் மலிவாக வாங்கினேன். லேப்டாப்பில் செருகினால் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருகிறது. இரைச்சல் வேறு. மைக் பழுதா?

முதலில் ஒரு சோதனை. பதிவை ஓடவிட்டு, மைக்கின் வலையை நகத்தால் மெல்லச் சுரண்டுங்கள். பிறகு லேப்டாப்பின் விசைப்பலகை ஓரத்தைச் சுரண்டுங்கள். இரண்டாவது சத்தம் பெரிதாகப் பதிவாகியிருந்தால், இத்தனை நாளும் நீங்கள் லேப்டாப்பின் உள் மைக்கில்தான் பேசிக்கொண்டிருந்தீர்கள். அந்த மைக்கோடு வரும் ஒயரின் முனையில் மூன்று வளையப் பகுதிகள், பெரும்பாலான லேப்டாப்புகளின் துளைக்கு நான்கு தேவை. பொருந்தாததால் லேப்டாப் தன் மைக்குக்கே திரும்பிவிடும்.

மைக் வழியாகவேதான் பதிவாகிறது என்றால் பிரச்சினை மின்சாரம். அது 48 வோல்ட் எதிர்பார்க்கும் கண்டன்சர். லேப்டாப் துளை தருவது ஓரிரு வோல்ட். 48 வோல்ட் தரும் அடாப்டரும் நல்ல சவுண்ட் கார்டும் வாங்கினால் பேசும். ஆனால் அந்தக் காசையும் மைக்குக்குக் கொடுத்ததையும் கூட்டிப் பாருங்கள், ஒரு நல்ல யு.எஸ்.பி. மைக்கின் பக்கத்தில் வந்து நிற்கும்.

வேளச்சேரி: நண்பர் ப்ளூ யெட்டி தந்தார். பெயர்பெற்ற மைக். எனக்கு மட்டும் ஏன் எதிரொலிக்கிறது?

மேல்நுனியைப் பார்த்துப் பேசுகிறீர்கள் என்று நினைக்கிறேன். அந்த மைக்குக்கு முகம் பக்கவாட்டில் இருக்கிறது. நிறுவனத்தின் சின்னம் உள்ள பக்கம் உங்கள் வாயைப் பார்க்க வேண்டும். பின்புறக் குமிழில் நான்கு படங்கள் இருக்கும். இதயம் போன்ற படத்தில் வையுங்கள், முன்னால் இருப்பதையே அதிகம் கேட்கும். வட்டத்தில் இருந்தால் அறை முழுவதையும் கேட்கும். பிறகு கெயினைப் பாதிக்கும் கீழே இறக்கிவிட்டு, மைக்கை ஒரு சாண் தூரத்துக்கு இழுத்துக்கொள்ளுங்கள்.

பல்லாவரம், குடும்பத் தலைவி: தலைக்கு மேல் விமானம். மே மாதத்தில் மின்விசிறியை நிறுத்த முடியாது. சுவரில் முட்டை அட்டை ஒட்டலாம் என்கிறார் என் கணவர். ஒட்டலாமா?

வேண்டாம் அம்மா. முட்டை அட்டையால் வெளிச்சத்தம் துளியும் குறையாது. வெளியே இருந்து வரும் சத்தத்தைத் தடுக்கக் கனமான சுவரும் இடுக்கில்லாத கதவும் வேண்டும். கதவின் அடியில் ஒரு துண்டைச் சுருட்டி வைத்தால் முட்டை அட்டையைவிட நன்றாக வேலை செய்யும். செலவும் இல்லை.

அறைக்குள் எழும் எதிரொலி வேறு விஷயம். அதற்குக் கனமான துணி போதும். பலரும் அதை மைக்குக்குப் பின்னால் கட்டுகிறார்கள். மைக் பார்த்துக்கொண்டிருப்பது உங்களையும் உங்கள் முதுகுக்குப் பின்னால் உள்ள சுவரையும். அந்தச் சுவரில் பட்டுத் திரும்பும் குரல்தான் நேராக மைக்கில் விழுகிறது. ஆகவே துணி உங்கள் முதுகுப் பக்கம் இருக்க வேண்டும். புடவைகள் அடுக்கிய பீரோவின் கதவுகளைத் திறந்துவைத்து, அதற்கு முதுகு காட்டி உட்காருங்கள். ஜன்னலும் மின்விசிறியும் மைக்கின் முதுகுப் பக்கம் வருமாறு நாற்காலியைத் திருப்புங்கள். இதயவடிவ மைக்குக்கு முதுகுப் பக்கம் காது மந்தம்.

மின்விசிறியைப் பதினைந்து நிமிடம் நிறுத்திப் பேசி, பத்து நிமிடம் ஓடவிட்டு, மறுபடி நிறுத்துங்கள். அதுவும் முடியாதென்றால் மேஜை விசிறியைக் குறைந்த வேகத்தில் காலுக்குத் திருப்பிவிடுங்கள். மைக்கின் மேல் காற்று படக் கூடாது, அவ்வளவுதான்.

விமானத்தை எந்த மைக்காலும் நிறுத்த முடியாது. சத்தம் கேட்டதும் பேச்சை நிறுத்தி, அது கடந்த பிறகு அந்த வாக்கியத்தை முதலிலிருந்து சொல்லுங்கள். பாதியிலிருந்து தொடர்ந்தால் ஒட்டுப்போட்ட இடம் காதில் இடிக்கும். விடிகாலையில் எழுந்து பதிவு செய்யலாம் என்று சிலர் சொல்வார்கள். கோடையில் குயிலும் மார்கழியில் கோயில் ஒலிபெருக்கியும் உங்களுக்கு முன்பே எழுந்துவிடும். இரவு பத்து மணிக்கு மேல் முயன்று பாருங்கள்.

ஒவ்வொரு பதிவின் தொடக்கத்திலும் பேசாமல் பத்து விநாடி உட்காருங்கள். ஆடாசிட்டி இலவச மென்பொருள்தான். அந்தப் பத்து விநாடியைக் காட்டினால் அதே மாதிரியான இரைச்சலை முழுப் பதிவிலும் குறைத்துத் தரும். அளவோடு குறையுங்கள். அதிகமானால் குரல் தண்ணீருக்கடியில் கேட்கும்.

தாம்பரம்: பதிவில் 'ம்ம்ம்' என்று ஓர் ஓசை தொடர்ந்து வருகிறது.

நம் வீட்டு மின்சாரம் விநாடிக்கு 50 முறை அதிர்வதன் (50 ஹெர்ட்ஸ்) ஓசை அது. லேப்டாப் சார்ஜரைக் கழற்றிவிட்டு பேட்டரியில் பதிவு செய்யுங்கள். பெரும்பாலும் போய்விடும். போகவில்லையென்றால் ஒயரை மாற்றுங்கள். இன்வெர்ட்டரில் ஓடும் நேரத்தில் பதிவு வேண்டாம்.

அண்ணாநகர்: என் தாத்தாவிடம் பழைய மதராஸ் பற்றிக் கேட்டுப் பதிவு செய்ய ஆசை. ஒரே லேப்டாப்பில் இரண்டு யு.எஸ்.பி. மைக் செருகலாமா?

விண்டோஸில் அது தலைவலி. இரண்டு மைக் உள்ளீடுகள் கொண்ட இன்டர்ஃபேஸ் வாங்கினால் சுலபம். பெரிங்கர் யுஎம்சி202எச்டி, ஃபோகஸ்ரைட் ஸ்கார்லெட் 2ஐ2 போன்றவை. ஆனால் தாத்தாவுக்காக அவ்வளவு செலவழிக்கும் முன் இதைச் செய்து பாருங்கள். இரண்டு செல்போன், இரண்டு காலர் மைக். இரண்டிலும் பதிவைத் தொடங்கிவிட்டு ஒரு முறை ஓங்கிக் கைதட்டுங்கள். திரையில் அந்தக் கைதட்டல் ஊசி முனையாகத் தெரியும். இரண்டு ஊசிகளையும் ஒரே கோட்டில் பொருத்தினால் உரையாடல் சேர்ந்துவிடும். நீளமான பேட்டி என்றால் முடிவிலும் ஒரு முறை தட்டுங்கள், இரண்டு போன்களின் கடிகாரங்களும் சிறிது விலகியிருக்கும்.

இன்னொன்று, மைக் மாட்டிய முதியவர்கள் மேடையில் பேசுவதுபோல் பேசத் தொடங்குவார்கள். மாட்டிவிட்டுக் காபி கொடுத்து, ஊர்க்கதை கொஞ்சம் பேசிவிட்டுப் பிறகு தொடங்குங்கள். அந்த ஊர்க்கதையையும் பதிவு செய்துகொள்ளுங்கள்.

சைதாப்பேட்டை: ரிச்சி தெரு எலெக்ட்ரானிக்ஸ் கடைகளில் வாங்கலாமா?

தாராளமாக. நேரில் கேட்டுப் பார்த்து வாங்கலாம் என்பதே பெரிய லாபம். லேப்டாப்பையும் ஒயர் உள்ள இயர்போனையும் எடுத்துக்கொண்டு போங்கள். கடை இரைச்சலாக இருக்கும், இருக்கட்டும். அந்த இரைச்சலில் உங்கள் குரலை எது முன்னால் கொண்டுவருகிறது என்பதுதான் சோதனை. பில்லும் உத்தரவாத அட்டையும் இல்லாமல் காசு கொடுக்க வேண்டாம்.

ஷூர் எஸ்எம்58 நம்ப முடியாத விலைக்குக் கிடைத்தால் கையில் தூக்கிப் பாருங்கள். 1966 முதல் வரும் மைக் அது, போலிகளும் ஏராளம். அசல் சுமார் 300 கிராம் கனக்கும். போலி பெரும்பாலும் லேசாக இருக்கும்.

வாங்கிய பிறகு ஒரு டப்பாவில் சிலிகா ஜெல் பொட்டலத்தோடு மூடி வையுங்கள். நம் ஊர் ஈரப்பதம் கண்டன்சருக்கு ஆகாது.

நுங்கம்பாக்கம்: செலவு பற்றிக் கவலையில்லை. பெரிய பாட்காஸ்ட்காரர்கள் வைத்திருக்கும் ஷூர் எஸ்எம்7பி வாங்கட்டுமா?

வாங்கலாம். ஆனால் அது மிகக் குறைவான சிக்னல் தரும் மைக். சுமார் 60 டெசிபல் கெயின் கொடுக்கக்கூடிய இன்டர்ஃபேஸும் வேண்டும், கை போல் நீளும், ஆடாத ஸ்டாண்டும் வேண்டும். உங்கள் அறையில் வெறும் கண்ணாடி ஜன்னலும் மார்பிள் தரையும் இருந்தால் அந்த மைக்கும் அதையேதான் பதிவு செய்யும். முதலில் திரைச்சீலையும் கம்பளமும் வாங்குங்கள்.

கொளத்தூர்: ப்ளூடூத் இயர்போன் மைக் போதாதா?

போதாது. அதன் மைக்கை இயக்கியதும் தொலைபேசி அழைப்புத் தரத்துக்கு இறங்கிவிடும். பழைய ஒயர் இயர்போன் வீட்டில் கிடந்தால் அதுவே மேல்.