கூண்டுக்கு வெளியே திரும்பிய கமரா

கேள்வி: கலாசார அடையாளம், ஊடகச் சித்திரிப்பு பற்றி ஆவணப்படமும் ஆற்றுகையும் செய்யும் கலைஞர்களில் யாரைப் பார்க்கச் சொல்வீர்கள்?

கோகோ ஃபுஸ்கோ. நியூயோர்க்கில் பிறந்த கியூப அமெரிக்கர். கொலம்பஸ் அமெரிக்காவில் கால் வைத்து 500 ஆண்டுகள் ஆனதைக் கொண்டாடிய 1992இல், அவரும் மெக்சிகோக்காரரான கியேர்மோ கோமெஸ் பெஞ்ஞாவும் ஒரு கூண்டுக்குள் போய் இருந்தார்கள். இதுவரை யார் கண்ணிலும் படாத தீவொன்றின் ஆதிவாசிகள் என்று அறிவிப்பு. தீவே கற்பனை. கூண்டுக்குள் தொலைக்காட்சி, மடிக்கணினி. காசு கொடுத்தால் ஒருவர் ஆடுவார், மற்றவர் அர்த்தமில்லாத ஒலிகளில் கதை சொல்வார், கூட நின்று படம் எடுக்கலாம். மாட்ரிட், லண்டன், சிட்னி என்று போன இடமெல்லாம் நிறையப் பேர் அதை உண்மை என்றே நம்பிவிட்டார்கள்.

எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது, அவரும் பவுலா ஹெரேடியாவும் 1993இல் அதை வைத்துச் செய்த அரைமணி நேர ஆவணப்படம். கமரா கூண்டோடு நிற்காமல் வெளியே நிற்பவர்களின் முகங்களுக்குப் போகிறது. மனிதர்களை நிஜமாகவே காட்சிக்கு வைத்த காலத்துப் பழைய படங்களும் இடையில் வருகின்றன. அந்தக் காலத்தில் நாமும் இருக்கிறோம். 1880களில் கார்ல் ஹாகன்பெக் என்ற ஜெர்மன் விலங்கு வியாபாரி, இலங்கையிலிருந்து யானைகளோடு ஆட்களையும் கப்பலேற்றி ஐரோப்பாவில் காட்சி நடத்தினார்.

எங்கள் திருகோணமலை திரையில் வந்தால் கோணேசர் மலை, நிலாவெளிக் கடல், புறாத்தீவு. இல்லையென்றால் போர், சுனாமி, கண்ணீரோடு ஓர் அம்மா. இதற்கு வெளியே இருக்கும் எங்களை யாரும் தேடுவதில்லை.

ஒருமுறை ஒரு படப்பிடிப்புக் குழுவுக்கு மொழிபெயர்க்க வெருகல் பக்கம் போனேன். திருகோணமலை மாவட்டத்தில் உள்ள அந்த ஊரில், இலங்கையின் ஆதிகுடிகளான வேடர்களில் கரையோரம் வாழ்பவர்கள் இருக்கிறார்கள். பேசுவது தமிழ், தொழில் பெரும்பாலும் மீன்பிடி. சாரமும் சேட்டுமாக ஓர் ஐயா திண்ணையில் இருந்து வலை பொத்திக்கொண்டிருந்தார். சேட்டுப் பையில் போன். சேட்டைக் கழற்றிவிட்டு, வலையை ஒதுக்கி வைத்து, தோளில் கோடரியோடு நிற்கச் சொன்னார் இயக்குநர். நான் தமிழில் சொன்னேன். ஐயா ஒன்றும் பேசாமல் உள்ளே போய், ஸ்திரி போட்ட வெள்ளைச் சேட்டோடு வந்தார். “படம் எடுக்கிறதெண்டால் நல்ல சேட்டு போடவேணும், தம்பி” என்றார். படம் வந்தபோது அந்த வெள்ளைச் சேட்டு அதில் இல்லை. வேறொருவர் வெறும் மேலோடு நிற்க, அழிந்துவரும் இனம் என்று ஒரு குரல் பேசியது.

ஃபுஸ்கோவின் வேலையை நான் இவ்வளவு மதிப்பது இதனால்தான். அவர் தெரிந்தே நடித்தார், காட்சி முடிந்ததும் கூண்டைவிட்டு வெளியே வந்தார். ஐயாவுக்கு அந்த வழி கிடையாது. பார்வையாளர்களை ஏமாற்றியது பிழை என்று ஃபுஸ்கோவைக் குறை சொன்னவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. பார்க்கிறவர் எதைத் தேடி வருகிறார் என்பதை வேறெப்படிக் காட்டுவது?

எங்கள் பிள்ளைகள் கையில் இப்போது போன் இருக்கிறது. அப்படி ஒரு குழு ஊருக்கு வந்தால், “சேட்டைக் கழற்றுங்கள்” என்று சொல்பவரையும் சேர்த்துப் பதிவு செய்யுங்கள், அதை வெட்டாதீர்கள். வெருகல், வாகரைப் பக்கத்தில் யாராவது ஏற்கெனவே அப்படி எடுத்திருந்தால் எனக்குச் சொல்லுங்கள். பார்க்க வேண்டும்.