சிவதேரியம்: ஒரு சொல்லைப் பற்றி வாசகர்கள் கேட்டவை

அற்றுப்போன விலங்குகளின் அறிவியல் பெயர்களைக் குறித்து வந்த கேள்விகளில் பெரும்பாலானவை இம்முறை, ஒட்டகச்சிவிங்கிக்கு உறவான ஓர் அற்றுப்போன விலங்கைக் குறிக்கும் 'சிவதேரியம்' என்ற ஒரே சொல்லைச் சுற்றி அமைந்துவிட்டன. கேட்டவர்களுள் பள்ளி ஆசிரியர்களும் மொழிபெயர்ப்பாளர்களும் இருக்கிறார்கள் என்பதால், பொருளோடு பயன்பாட்டையும் சேர்த்தே விளக்குகிறேன்.

கேள்வி: 'சிவதேரியம்' என்றால் என்ன பொருள்? ஒரு விலங்கிற்குச் சிவபெருமானின் பெயரை ஏன் வைத்தார்கள்?

இச்சொல்லின் முற்பகுதி சிவன். பிற்பகுதி, காட்டு விலங்கைக் குறிக்கும் 'தேரியான்' என்ற கிரேக்கச் சொல்லின் இலத்தீன் வடிவம். இரண்டையும் சேர்த்தால் 'சிவனின் விலங்கு' என்று பொருள்படும். ஆனால் பெயரை வைத்தவர்களின் மனத்தில் முதலில் நின்றது கோயிலன்று, மலை. இமயத்தின் அடிவாரத்தில் நீண்டு கிடக்கும் சிவாலிக் குன்றுகளில், மார்க்கண்டா ஆற்றின் பள்ளத்தாக்கில் கிடைத்த மண்டையோட்டுக்கு அந்தக் குன்றுகளின் பெயர் வழியாகவே சிவனின் பெயர் வந்து சேர்ந்தது.

பெயரிட்டவர்கள் இருவர். ஹ்யூ ஃபால்கனர் சகாரன்பூர் தாவரவியல் பூங்காவின் பொறுப்பில் இருந்த ஸ்காட்லாந்து மருத்துவர். பிராபி காட்லி கால்வாய்ப் பொறியாளர், பிற்காலத்தில் கங்கைக் கால்வாயை வெட்டியவர். 1836-ல் வெளியான கட்டுரையில் இந்த விலங்கை 'அசைபோடும் விலங்குகளின் புதிய தொல்லுயிர்ப் பேரினம்' என்று தலைப்பிலேயே அறிவித்தார்கள். மறு ஆண்டே லண்டன் நிலவியல் கழகம் தன் உயரிய வொல்லாஸ்டன் பதக்கத்தை இருவருக்கும் சேர்த்து வழங்கியது. அலுவல் நேரம் போக மீந்த நேரத்தில் ஓடைகளிலும் மணற்பாறைகளிலும் எலும்பு தேடிய இருவர் இதைச் சாதித்தார்கள் என்பதை மாணவர்களிடம் நான் ஒவ்வோர் ஆண்டும் சொல்வதுண்டு.

மார்க்கண்டா என்றதும் திருக்கடையூரும் மார்க்கண்டேயனும் நம் நினைவுக்கு வருவது இயல்பே. எனினும், பெயர்க்காரணத்தை எழுதும்போது அந்தக் கதையை இதில் சேர்க்க வேண்டாம்.

கேள்வி: தமிழில் சிவதேரியம், சிவாதேரியம், சிவதீரியம் என்று மூன்று விதமாகப் பார்க்கிறேன். எது சரி? சிற்றினப் பெயரையும் சேர்த்து எழுத வேண்டுமா? (மொழிபெயர்ப்பாளர் ஒருவர்)

'சிவதேரியம்' என்றே எழுதப் பரிந்துரைக்கிறேன். 'சிவதீரியம்' ஆங்கிலேயரின் நாக்கில் புரண்ட ஒலிப்பு. இலத்தீன் எழுத்துகளைப் பார்த்து எழுதும்போது, சிவ என்பது சிவா என்று நீண்டுவிடுகிறது. கிரேக்க மூலத்தில் உள்ளது நெட்டொலியான 'ஏ' என்பதாலும், சிவ என்னும் பகுதி நமக்கு வீட்டுச் சொல் என்பதாலும், இரண்டையும் அவற்றின் இயல்பான ஒலியோடு இணைப்பதே பொருத்தம்.

சிற்றினப் பெயரைப் பொறுத்தவரை, சிவாலிக்கில் கிடைத்ததன் முழுப்பெயர் 'சிவதேரியம் ஜைகாண்டியம்'. இரண்டாவது சொல்லுக்கு மிகப் பெரியது என்று பொருள். இங்கே ஓர் இலக்கண நுட்பத்தை மொழிபெயர்ப்பாளர் கவனிக்க வேண்டும். அயர்லாந்தின் பெரிய மான் என்று அழைக்கப்படும் அற்றுப்போன மானின் பெயர் 'மெகாலோசெரஸ் ஜைகாண்டியஸ்'. அதிலும் இதே அடைமொழிதான், ஆனால் ஈறு வேறு. இலத்தீனில் பேரினப் பெயரின் பாலுக்கு ஏற்ப அடைமொழியின் ஈறு மாறும். சிவதேரியம் அங்கே அஃறிணை போன்ற, ஆணும் பெண்ணும் அல்லாத பால், மெகாலோசெரஸ் ஆண்பால். 'அவன் பெரியன், அது பெரிது' என்று நாம் ஈறு மாற்றுவதற்கு ஒப்பான வழக்கம் இது என்பதால், தமிழருக்கு இதைப் புரிய வைப்பது எளிது. ஆகவே இரண்டு பெயர்களிலும் ஈற்றை ஒன்றாக்கி 'திருத்தி' விடாதீர்கள்.

இன்னொரு திருத்தத்தையும் தவிர்க்க வேண்டும். குஜராத்தின் கத்தியவார்க் கரையை ஒட்டிய பெரிம் தீவில் கிடைத்த உறவு விலங்குக்கு ஃபால்கனர் 1845-ல் பிரமனின் பெயரை வைத்தார். அதை எழுதியபோது பிரம்மாவுக்குரிய 'ஹ' ஒலியை விட்டுவிட்டு 'பிரமதேரியம்' என்றே எழுதினார். பின்வந்தவர்கள் அந்த எழுத்தைச் சேர்க்கவில்லை, ஏனெனில் முதலில் அச்சான எழுத்துக்கூட்டே நிலைபெற வேண்டும் என்பது விலங்குப் பெயரிடலின் விதி. லைடெக்கர் என்ற அறிஞர் விஷ்ணுவின் பெயரில் 'விஷ்ணுதேரியம்' என்பதையும் சேர்த்ததால் மும்மூர்த்திகளும் ஒரே குடும்பத்தில் இடம்பெற்றுவிட்டார்கள்.

இலத்தீன் எழுத்தில் எழுதும்போது பேரினப் பெயர் பெரிய எழுத்தில் தொடங்கி, இரு சொற்களும் சாய்வாக அமையும். தமிழில் பெரிய எழுத்து இல்லாததால் சாய்வெழுத்து மட்டும் போதும். 'சிவதேரியங்கள்' என்று பன்மையாக்குவதைக் காட்டிலும், துணைக்குடும்பம் முழுவதையும் குறிக்க வேண்டிய இடத்தில் 'சிவதேரிய வகை விலங்குகள்' என்பது தெளிவாக இருக்கும்.

கேள்வி: அப்படியானால் அற்றுப்போன அசைபோடும் விலங்குகள் எல்லாவற்றுக்கும் 'தேரியம்' என்பதுதான் பொதுச்சொல்லா?

இல்லை. 'தேரியம்' அற்றுப்போன பாலூட்டிகளின் பெயர்களில் பரவலாக வரும் ஈறு மட்டுமே. மெகதேரியம் தென் அமெரிக்காவின் மாபெரும் தரைவாழ் 'ஸ்லாத்' விலங்கு, டைனோதேரியம் யானையின் தூரத்து உறவு. இவை அசைபோட்டவை அல்ல. ஈற்றைப் பார்த்து உறவைத் தீர்மானிக்க முடியாது. எலும்பைப் பார்த்தே தீர்மானிக்க முடியும்.

கேள்வி: எலும்பு மட்டும் கிடைத்த ஒரு விலங்கு அசைபோட்டது என்று எப்படிச் சொல்கிறீர்கள்? இரைப்பை கல்லாகிக் கிடைத்ததா? (பள்ளி ஆசிரியை ஒருவர்)

வந்தவற்றுள் எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இதுதான். இரைப்பை கிடைக்கவில்லை. மாடும் ஆடும் மானும் தங்கள் நான்கறை இரைப்பையின் முதல் இரு அறைகளிலிருந்து உணவை வாய்க்கு மீட்டு மீண்டும் மெல்லும் செயலுக்குக் கல்லில் நேரடித் தடயம் எதுவும் இல்லை. ஆனால் இப்போது வாழும் அசைபோடும் விலங்குகள் அனைத்தும் சில எலும்பு அடையாளங்களைப் பொதுவாகப் பெற்றிருக்கின்றன. அதே அடையாளங்கள் ஒரு புதைபடிவத்திலும் இருந்து, அதன் நெருங்கிய உறவினங்களும் இன்று அசைபோடுபவையாக இருந்தால், அதுவும் அசைபோட்டது என்று முடிவு செய்கிறோம்.

அந்த அடையாளங்களைப் பார்க்க அருங்காட்சியகத்துக்குப் போக வேண்டியதில்லை, இறைச்சிக் கடையே போதும். பாயாவுக்கு வாங்கும் ஆட்டுக்காலில் குளம்புக்கு மேலே நீளும் எலும்பைக் கழுவி எடுத்து, அதன் முன்பக்கத்தில் கட்டைவிரலை வைத்து மேலிருந்து கீழே தடவிப் பாருங்கள். நடுவில் ஒரு மெல்லிய பள்ளம் ஓடுவது நகத்துக்குத் தட்டுப்படும். கீழ்நுனியில் கப்பிச் சக்கரங்களைப் போன்ற இரண்டு முட்டிகள் அடுத்தடுத்து நிற்கும். தனித்தனியாக இருக்க வேண்டிய இரண்டு எலும்புகள் ஒட்டிக்கொண்டதற்கான தழும்புதான் அந்தப் பள்ளம். அடுத்து, தலைக்கறிக்கு வரும் ஆட்டின் மேல்தாடையின் முன்புறத்தைத் தொட்டுப் பாருங்கள். அங்கே வெட்டுப்பற்களே இருக்காது, கெட்டியான ஈறு மட்டுமே இருக்கும். உள்ளே கடைவாய்ப் பல்லின் மேல்முகத்தில் எனாமல் பிறை பிறையாக வளைந்து கிடக்கும். பின்காலின் கணுவில் உள்ள சிறு எலும்புகளுள் இரண்டு ஒரே எலும்பாகப் பிணைந்திருக்கும். இந்தக் கடைசி அடையாளமே இப்பிரிவைத் தனியே காட்டும் முத்திரை.

சிவதேரியம் இந்தப் பிரிவைச் சேர்ந்தது. தேய்ந்த கடைவாய்ப் பல்லின் மீது விளக்கொளியைச் சாய்த்துப் பிடித்தால் பிறைகள் நிழலோடு எழுந்து தெரியும். பிறை சூடியவனின் பெயரைத் தாங்கிய விலங்கின் பல்லிலும் பிறை இருப்பதைப் பெயர் வைத்தவர்கள் எண்ணிப் பார்த்தார்களா என்று நான் பலமுறை வியந்திருக்கிறேன்.

ஒட்டகமும் அசைபோடுகிறதே என்று உங்கள் மாணவர்கள் கேட்பார்கள். போடுகிறது, ஆனால் மேல்தாடையில் சில வெட்டுப்பற்களை வைத்திருக்கிறது, கணுவின் அந்த இரு எலும்புகளும் அதற்குப் பிணையவில்லை. ஆகவே செயலால் அது அசைபோடும் விலங்கு, வகைப்பாட்டில் வேறு பிரிவு. பாடநூலில் 'அசைபோடுவன' என்ற ஒரே சொல் இரண்டையும் குறிப்பதுதான் இந்தக் குழப்பத்துக்குக் காரணம்.

கேள்வி: படங்களில் பெரிய கவைக்கொம்போடு மானைப் போல வரைகிறார்கள். சிலர் ஒட்டகச்சிவிங்கி என்கிறார்கள். யானை அளவு என்றும் படித்தேன். எது உண்மை?

அது ஒட்டகச்சிவிங்கிக் குடும்பத்தைச் சேர்ந்தது. அக்குடும்பத்தில் இன்று உயிரோடு இருப்பவை ஒட்டகச்சிவிங்கியும், காங்கோ காடுகளில் வாழும் ஒகாப்பியும் மட்டுமே. இக்குடும்பத்தின் கையொப்பம் கொம்பில் இல்லை, பல்லில் இருக்கிறது: கீழ்த்தாடையில் வெட்டுப்பற்களோடு வரிசையாக நிற்கும் கோரைப்பல்லின் முடி இரண்டு மடலாகப் பிளந்திருக்கும்.

கொம்பைப் பற்றி நம் மொழி சற்றுத் தடுமாற வைக்கிறது. கடமானுக்கும் புள்ளிமானுக்கும் உள்ளது உதிர்ந்து மீண்டும் முளைக்கும் எலும்பு. மாட்டுக்கும் இரலைக்கும் உள்ளது, எலும்பின் மீது நகத்தைப் போன்ற பொருளால் ஆன உறை மாட்டியது, உதிராதது. ஒட்டகச்சிவிங்கிக்கு உள்ளதோ தோலும் மயிரும் போர்த்திய எலும்பு. மூன்றையும் 'கொம்பு' என்றே சொல்கிறோம். சிவதேரியத்துக்குக் கண்களுக்கு மேலே கூம்பு வடிவில் ஒரு சிறிய இணையும், தலையின் பின்புறத்தில் பலகை போல விரிந்து கிளைத்த ஒரு பெரிய இணையும் இருந்தன. பின்னிணையின் கிளைகளைப் பார்த்துத்தான் ஓவியர்கள் மானை நினைத்துக்கொள்கிறார்கள். அவை ஆண்டுதோறும் உதிர்ந்தவை அல்ல.

மூக்கெலும்பு பின்வாங்கிக் குட்டையாக இருந்ததால், இதற்குத் தும்பிக்கையை ஒத்த உறுப்பு இருந்திருக்கும் என்று ஃபால்கனரும் காட்லியும் கருதினார்கள். அசைபோடும் விலங்குகளுக்கும் யானை போன்ற தடித்தோல் விலங்குகளுக்கும் நடுவிலுள்ள இடைவெளியை இது நிரப்புகிறது என்பது அவர்களின் எண்ணம். அன்று கையில் இருந்த மண்டையோட்டை வைத்துப் பார்த்தால் அது நியாயமான ஊகமே, இன்று ஏற்கப்படவில்லை.

எடையைப் பற்றி 2016-ல் நல்ல கணக்கு ஒன்று வெளிவந்தது. ஃபால்கனர் காலத்து எலும்புகளை முப்பரிமாணத்தில் பதிவு செய்து, உடலைக் கணினியில் மீட்டுருவாக்கிய ஆய்வாளர்கள் சுமார் 1,246 கிலோ என்றும், குறைந்தது 857 கிலோ முதல் அதிகபட்சம் 1,812 கிலோ வரை இருக்கலாம் என்றும் கணித்தார்கள். வளர்ந்த ஆண் ஒட்டகச்சிவிங்கியின் எடைக்கு இது நெருங்கி வருகிறது. யானைக்கு வெகு கீழே நிற்கிறது. கழுத்து நீளமன்று. குட்டையான தடித்த கழுத்தும் பருத்த கால்களும் அந்தப் பெரிய தலையைத் தாங்கின. யானை அளவு என்று இனி யாரும் எழுத வேண்டியதில்லை.

கேள்வி: சிவதேரியம் டைனோசர் காலத்தில் வாழ்ந்ததா? (மகன் கேட்டதாக ஒரு தாய்)

இல்லை. பறவைகள் நீங்கலான டைனோசர்கள் ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அழிந்துவிட்டன. ஆப்பிரிக்கச் சிவதேரியத்தின் எலும்புகள் சுமார் 50 லட்சம் ஆண்டுகளுக்கு முந்தைய தென்னாப்பிரிக்கப் படிவுகளில் கிடைக்கின்றன. சிவாலிக்கின் சிவதேரியம் அதற்கும் பிற்பட்டது.

கேள்வி: சுமேரியர்கள் சிவதேரியத்தை நேரில் பார்த்துச் சிலை செய்தார்கள் என்பது உண்மையா?

இராக்கின் கிஷ் நகர அகழாய்வில், வண்டிக் கடிவாள வளையத்தின் மேல் நிற்கும் ஒரு சிறிய உலோக விலங்குருவம் கிடைத்தது. அதன் கொம்புகளைக் கண்ட எட்வின் கோல்பர்ட், சுமேரியர் சிவதேரியத்தை அறிந்திருப்பார்களோ என்ற கேள்வியை 1936-ல் எழுப்பினார். அவர் சிவாலிக் விலங்குகளில் ஆழ்ந்த புலமை உடையவர் என்பதால் அக்கருத்து வெகுதூரம் பரவியது. ஆனால் அந்த உருவத்தின் கொம்புகள் உடைந்திருந்தன. விடுபட்ட துண்டுகள் பிற்பாடு அடையாளம் காணப்பட்டுப் பொருத்தப்பட்டபோது மான் கொம்பின் வடிவமே தெரியவந்தது. எழுப்பிய வினா பலருக்கும் எட்டியது, கிடைத்த விடை பலருக்கும் எட்டவில்லை. கட்டுரை எழுதுவோர் முதற்பகுதியை மட்டும் எடுத்துக்கொள்வது எனக்கு உண்மையிலேயே வருத்தம் தருகிறது.

கேள்வி: அது இலை தின்றதா, புல் தின்றதா?

இடத்துக்கும் காலத்துக்கும் ஏற்ப மாறியது. கென்யாவின் துர்க்கானா வடிநிலத்தில் கிடைத்த பற்களின் எனாமலில் உள்ள கார்பன் வகைகளை அளந்தபோது, முற்காலத்தவை மரம் செடிகளின் தழையையும் பிற்காலத்தவை பெரும்பாலும் புல்லையும் உண்டதாகத் தெரிந்தது. வெப்பநிலப் புற்களும் மரங்களும் காற்றிலுள்ள கார்பனைப் பிடிக்கும் வழி வேறு வேறு என்பதால், அந்த வேறுபாடு தின்ற விலங்கின் பல்லில் பதிந்துவிடுகிறது.

கேள்வி: தமிழ்நாட்டில் இந்த விலங்கின் எலும்பு கிடைக்குமா?

இந்தியச் சிவதேரியம் இமய அடிவார ஆறுகள் கொண்டுவந்து குவித்த படிவுகளுக்கு உரியது. அத்தகைய படிவுகள் நம்மிடம் இல்லை. ஆனால் பழங்கால அசைபோடும் விலங்குகளின் எச்சங்கள் இங்கேயும் உண்டு. சென்னைக்கு அருகில் உள்ள அத்திரம்பாக்கத்தில், கற்கோடரிகள் கிடைத்த அதே அகழ்விடத்தில் நீர் எருமை, நீலான் ஆகியவற்றின் பற்கள் கிடைத்துள்ளன. சிவாலிக் விலங்குகளின் உலகத்தை அவற்றின் மண்ணிலேயே காண விரும்புவோர், இமாச்சலப் பிரதேசத்தின் சிர்மௌர் மாவட்டத்தில் மார்க்கண்டா ஆற்றை ஒட்டிய சாக்கேத்தி தொல்லுயிர்ப் பூங்காவுக்குச் செல்லலாம்.