உய்குர் முகாம்: கேட்டவையும் சொன்னவையும்

கோவை வாசகர்: உய்குர் இசைக்கு 'முகாம்' என்று பெயராமே? முகாம் என்றால் கேம்ப் அல்லவா?

பதில்: இரண்டும் ஒரே சொல்தான். 'மகாம்' என்ற அரபுச் சொல்லுக்கு நிற்குமிடம், தங்குமிடம் என்று பொருள். நம்மிடம் அது கூடாரம் போடும் இடமானது. சீனாவின் சின்ஜியாங்கில் வாழும் உய்குர் முஸ்லிம்களிடம் ஒரு பெரிய இசைத் தொகுப்பின் பெயரானது. மொத்தம் 12 முகாம்கள். முழுக்கப் பாட 20 மணி நேரத்துக்கு மேல் ஆகும். 2017-இலிருந்து சீன அரசு உய்குர்களை லட்சக்கணக்கில் அடைத்துவைத்த இடங்களையும் தமிழில் முகாம் என்றுதான் எழுத வேண்டியிருக்கிறது.

மதுரை வாசகர்: நம் ராகம் மாதிரியா?

பதில்: இல்லை. இதன் பின் இது என்று வரிசை கட்டிய பாட்டுகள். முதல் முகாமின் பெயர் 'ராக்'. அதற்காக உடனே சொந்தம் கொண்டாட வேண்டாம்!

திருச்சி வாசகர்: முகாம் இசை அழிந்துவிடும் என்கிறார்களே? ஒலிப்பதிவுதான் இருக்கிறதே, அப்புறம் எப்படி அழியும்?

பதில்: துர்தி ஆகுன் என்ற முதிய கலைஞரை 1950களின் தொடக்கத்தில் சின்ஜியாங்கின் தலைநகர் உரும்சியில் உட்காரவைத்து, கம்பிச் சுருள் கருவியில் பதிந்தார்கள். 1956-இல் அவர் காலமானார். அந்தப் பதிவு இல்லையென்றால் இன்று கையில் இருப்பது மிகக் குறைவு. ஆனால் பாட்டு வாழ்ந்தது மெஷ்ரப் என்ற ஊர்க்கூட்டத்தில். ஊரார் கூடுவார்கள், பாட்டு, ஆட்டம், கேலி எல்லாம் உண்டு. தப்பு செய்தவனை நடுவில் நிறுத்தி விளையாட்டாக விசாரித்துத் தண்டனையும் கொடுப்பார்கள். சின்ஜியாங்கின் குல்ஜா நகரில் இளைஞர்களைக் குடியிலிருந்து மீட்க இதைத் திரும்ப நடத்தினார்கள். 1995-இல் அரசு தடை போட்டது. அதே மெஷ்ரப்பை 2010-இல் சீனாவே யுனெஸ்கோவின் அவசரப் பாதுகாப்புப் பட்டியலில் சேர்த்தது! மேடையில் வண்ண உடையில் ஆடினால் பாரம்பரியம், வீட்டு முற்றத்தில் கூடினால் சந்தேகம். ஒலிநாடாவை எத்தனை பிரதி எடுத்தாலும் இந்த முற்றம் அதில் வராது.

சென்னை வாசகர்: வெளிநாட்டில் யார் காப்பாற்றுகிறார்கள்?

பதில்: கஸகஸ்தானின் அல்மாட்டி நகரில் 1934-இல் தொடங்கிய உய்குர் நாடக அரங்கு இருக்கிறது. (கஸகஸ்தான் உய்குர்கள் எல்லோரும் அண்மையில் தப்பி வந்தவர்கள் அல்ல, 1880களிலேயே வந்த குடும்பங்கள் உண்டு.) லண்டனில் ஒரு குழு பாடுகிறது. இஸ்தான்புல்லில் பெரிய உய்குர் சமூகமே இருக்கிறது. துதார் என்ற தந்தி வாத்தியத்தைக் கற்றுக்கொடுப்பதுகூடச் சுலபம், இரண்டே தந்திதான். பாட்டின் சொல்தான் சிக்கல். சின்ஜியாங்கில் அரபு எழுத்து, கஸகஸ்தானில் சிரிலிக், துருக்கியில் வளரும் பிள்ளைக்கு லத்தீன். ஒரே பாட்டை மூன்று விதமாக எழுதிக் கொடுக்க வேண்டும். என்னைக் கேட்டால், வாத்தியம் வாங்கித் தருவதற்கு முன்னால் பிள்ளைக்கு மொழியைக் கொடுக்க வேண்டும்.

சேலம் வாசகர்: துதார் கலைஞர் அப்துரஹீம் ஹெயித் இறந்துவிட்டதாகப் படித்தேனே?

பதில்: 2017-இல் அவரைப் பிடித்தார்கள். 2019 பிப்ரவரியில் துருக்கி வெளியுறவு அமைச்சகம் அவர் இறந்துவிட்டதாகச் சொன்னது. உடனே அவர் பேசும் காணொளியைச் சீனா வெளியிட்டது. அதைப் பார்த்த உய்குர்கள் பலர், 'எங்கள் அப்பா, அம்மா காணொளியையும் காட்டுங்கள்' என்று கேட்க ஆரம்பித்தார்கள்.

ஈரோடு வாசகர்: எதிலிருந்து கேட்கலாம்?

பதில்: ஏதாவது ஒரு முகாமின் தொடக்கத்தை எடுங்கள். தாளமே இருக்காது, சத்தார் என்ற நீண்ட வில் வாத்தியமும் ஒரு குரலும் மட்டும். பொறுமை இல்லையென்றால் நேராகக் கடைசிப் பகுதிக்குப் போங்கள். அதன் பெயரும் மெஷ்ரப்தான். கால் தானாக ஆடும்.