நெடுந்தீவளவில் ஒரு பனித்தீவு: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: தென் அத்திலாந்திக்கிலுள்ள பூவே தீவை 1739 இல் பிரெஞ்சு மாலுமி பூவே கண்டு இடத்தையும் குறித்துவைத்தார். பிறகு தேடிப்போன ஜேம்ஸ் குக்குக்கு அது ஏன் அகப்படவில்லை? (மாணவி, சாவகச்சேரி)

பதில்: பிழை நெட்டாங்கில். அகலாங்கை நண்பகல் சூரியனின் உயரத்தை அளந்தே எடுத்துவிடலாம். நெட்டாங்குக்கு, நிற்கும் இடத்தின் நேரத்தையும் புறப்பட்ட துறையின் நேரத்தையும் ஒப்பிட வேண்டும்: பூமி 4 நிமிடத்துக்கு 1 பாகை சுழல்வதால், நேர வித்தியாசமே நெட்டாங்கு வித்தியாசத்தைத் தரும். புறப்பட்ட துறையின் நேரத்தைப் பிசகாமல் காட்டும் கடிகாரம் பூவேயிடம் இல்லை. கப்பலின் வேகத்தையும் திசையையும் நாளுக்கு நாள் கூட்டித்தான் கணக்கிட்டார். கண்ணுக்குத் தெரியாத நீரோட்டம் இந்தக் கணக்கில் வராது. பிழை சேர்ந்துகொண்டே போகும். அவர் குறித்த இடம் ஏறத்தாழ 8 பாகை கிழக்கே தள்ளியிருந்தது. 54 பாகைத் தெற்கில் ஒரு பாகை நெட்டாங்கு ஏறக்குறைய 65 கிலோமீற்றர். பெருக்கிப் பாருங்கள், 520 கிலோமீற்றர் வரும்.

வேடிக்கை என்னவென்றால், 1772 இல் புறப்பட்ட குக்கிடம் நல்ல கடற்கடிகாரம் இருந்தது. தான் நிற்கும் இடம் அவருக்குச் சரியாகத் தெரியும். கையிலிருந்த விலாசம்தான் பிழை! 1898 இல் ஜேர்மனியின் வால்டிவியா கப்பல்தான் தீவின் இடத்தைத் திருத்தமாகக் குறித்தது.

கேள்வி: பரப்பு நெடுந்தீவளவுதான் என்கிறார்கள். அப்படியானால் படகில் போய் இறங்குவதில் என்ன கஷ்டம்? (வாசகர், காரைநகர்)

பதில்: பரப்பு சரி, ஏறத்தாழ 49 சதுர கிலோமீற்றர். ஒற்றுமை அதோடு முடிந்தது. நெடுந்தீவு தட்டையான சுண்ணக்கல் நிலம். குறிகட்டுவானில் ஏறினால் மாவிலித்துறையில் கால் வைக்கலாம். பூவே ஓர் எரிமலை. உச்சி 780 மீற்றர், நிலத்தில் 93 வீதம் பனி, அந்தப் பனி கடலோரத்தில் சுவராக முடிகிறது. 1955 க்கும் 1958 க்கும் இடையில் மலைச்சரிவு விழுந்து வடமேற்கில் நீரோய்சா என்ற மேடை உண்டானது. ஓரளவு இறங்கக்கூடிய இடம் அதுதான்.

அதுவும் பேருக்குத்தான். எங்களுக்குச் சோளகக் காற்று சில மாதம். அங்கே மேற்குக்காற்று ஆண்டு முழுவதும். பெரிய அலை கரையிலேயே குத்தி உடையும். படகு குறுக்கே திரும்பினால் கவிழும். ஆகவே ரப்பர் படகை அலை உடையும் கோட்டுக்கு வெளியே நிறுத்தி, பெரிய அலைகள் கடந்துபோகும் வரை பார்த்திருப்பார்கள். தண்ணீர் புகாத முழு உடுப்போடு ஒருவர் கயிற்றைக் கரைக்குக் கொண்டுபோவார்; சாமான்களை அடைத்த பீப்பாய்களை அந்தக் கயிற்றில் இழுப்பார்கள். 2023 இல் போன அமெச்சூர் வானொலிக் குழு பட்ட பாடு இதுதான். ஹெலிகொப்டர் இருந்தால் இலகு, ஆனால் மூடுபனி விலகினால்தான் அதுவும் பறக்கும்.

கேள்வி: தீவு யாருடையது? ஆட்கள் இருக்கிறார்களா? (வாசகர், நல்லூர்)

பதில்: நோர்வேயுடையது. 1927 டிசம்பர் 1 இல் நோர்வீஜியா கப்பல் குழு இறங்கி உரிமை கோரியது. 1971 முதல் இயற்கை ஒதுக்ககம். குடிகள் இல்லை, சீல்களும் பென்குயின்களும்தான். 1996 இல் நீரோய்சாவில் ஒரு கொள்கலனை ஆய்வு நிலையமாக வைத்தார்கள். மேடையே சரிந்து விழுந்த கல்லும் மண்ணும்தானே, அத்திவாரம் எங்கே நிற்கும்? 2007 இல் செய்மதிப் படத்தில் பார்த்தபோது கொள்கலனைக் காணவில்லை. 2014 இல் புதிதாக ஒன்று அமைத்தார்கள்.