கொன்றை ஏன் பூக்கவில்லை?

சித்திரை பிறந்து, கொன்றை மஞ்சள் சரம் விடத் தொடங்கினால் எனக்குக் கேள்விகளும் வரத் தொடங்கிவிடும். இந்த முறை நம் கிழக்கிலங்கை ஊர்களிலிருந்து வந்தவற்றில் சில.

களுவாஞ்சிக்குடி: டீச்சர், கொன்றை விதை போட்டு இரண்டு மாதம். ஒன்றும் முளைக்கவில்லை. விதை பழுதா?

பழுதில்லை மகள். அதன் தோல் கல்லுப் போல, தண்ணீரை உள்ளே விடாது. சீமெந்துத் தரையில் ஒரு ஓரத்தைத் தேயுங்கள். உள்ளே வெளிறித் தெரிந்ததும் நிறுத்தி, இரவு முழுக்க ஊறவிடுங்கள். காலையில் உப்பியதை நடலாம், உப்பாததைத் திரும்பத் தேய்க்க வேண்டும். கன்றைப் பையில் அதிக நாள் வைத்திருக்காதீர்கள், ஆணிவேர் சுருண்டுவிடும்.

செங்கலடி: மரத்துக்கு 8 வயது. இலை கரும்பச்சையாக அடர்ந்து நிற்கிறது, பூ மட்டும் இல்லை. கிணற்றடியில் நிற்பதால் தண்ணீருக்குக் குறையில்லை. யூரியாவும் போடுகிறேன்.

முதலில் யூரியாவை நிறுத்துங்கள் மகன். அது இலையைத்தான் வளர்க்கும். கொன்றை வறண்ட காலத்தில் இலையை உதிர்த்துவிட்டுப் பூக்கிற மரம். நம் பக்கம் மாரி மழை தை மாதத்தோடு ஓயும். அதற்குப் பிறகு மண் காய வேண்டும். உங்கள் மரத்துக்குக் கோடை என்பதே தெரியவில்லை. குளிக்கிற தண்ணீரை வேறு பக்கம் வாய்க்கால் வெட்டித் திருப்பிவிடுங்கள். என் வளவிலும் இதே கதைதான். பாசத்தில் 6 வருசம் நாளாந்தம் தண்ணீர் ஊற்றினேன். மகளைப் பார்க்கப் போய் இரண்டு மாதம் வீடு பூட்டிக் கிடந்தது. திரும்பி வந்தபோது மரம் முழுக்கச் சரம்! வாசலிலேயே நின்றுவிட்டேன்.

இன்னொன்று, பங்குனியில் கிளை வெட்டுகிற பழக்கம் இருந்தால் விடுங்கள். பூத்து முடிந்த பிறகு வெட்டலாம். பக்கத்து மாமரம் வெயிலை மறைத்தாலும் பூ குறையும். இளங்கன்று வைத்திருப்பவர்கள் இதைப் படித்துத் தண்ணீரை நிறுத்திவிடாதீர்கள், முதல் இரண்டு கோடைக்கும் கட்டாயம் ஊற்ற வேண்டும்.

காரைதீவு: கடலுக்குக் கிட்ட வீடு. கன்றின் இலை நுனி கருகுகிறது.

உப்புக் காற்றாக இருக்கும். வீட்டின் மேற்குப் பக்கம், சுவர் மறைவில் வைத்துப் பாருங்கள். கடலைப் பார்த்த பக்கத்துக்குப் பூவரசுதான் சரி. அதுவும் மஞ்சளாய்ப் பூக்கும்.

கொக்கட்டிச்சோலை: மாரியில் வளவில் தண்ணீர் நிற்கும். வைக்கலாமா?

நின்ற தண்ணீரில் வேர் அழுகும். 2 அடி உயரத்துக்கு மண் மேடு கட்டி, வெள்ளம் வடிந்த பிறகு நடுங்கள்.

அக்கரைப்பற்று: பச்சைப் புழு இலையெல்லாம் தின்கிறது. என்ன மருந்து அடிக்க?

பெரிய மரமென்றால் ஒன்றும் அடிக்க வேண்டாம். பெரும்பாலும் அவை மஞ்சள் வண்ணத்திப்பூச்சியின் புழுக்கள். மரம் திரும்பத் துளிர்க்கும். சின்னக் கன்றென்றால் காலையில் கையால் பொறுக்கிவிடுங்கள்.

ஆரையம்பதி: பேரன் கொன்றைக் காயை உடைத்து, உள்ளே இருந்த கறுப்புச் சதையை நக்கிவிட்டான். பயமா?

அந்தச் சதை பேதிக்குக் கொடுக்கிற மருந்து. வயிற்றாலே போகலாம், தண்ணீர் நிறையக் கொடுங்கள். விதையை மென்றிருந்தாலோ, வாந்தி வந்தாலோ, பிள்ளை சோர்ந்தாலோ உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள். விழுந்த காயைக் கூட்டி அள்ளிவிடுவது நல்லது.