நிலத்தை அடமானம் வைக்காதீர்கள்

பிளஸ் டூ முடித்த மகள் எடிட்டிங்தான் படிப்பேன் என்கிறாள், அவள் பெரியப்பாவோ மேனேஜ்மென்ட் கோட்டாவில் கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட் பேசிவிட்டார், நிலத்தை அடமானம் வைத்தாவது சேர்க்கச் சொல்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் கவலை நியாயம்தான் அம்மா. ஆனால் நிலத்தைத் தொடாதீர்கள். கணக்கென்றாலே ஒதுங்கும் பிள்ளை நான்கு வருஷம் கழித்து அரியரோடு வந்து நின்றால், கடனைப் பெரியப்பா கட்டமாட்டார்.

எடிட்டிங் என்பது கல்யாண வீடியோவுக்குப் பாட்டுப் போடுவது மட்டுமல்ல. சினிமாவில் விநாடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். "நான் ஊருக்குப் போறேன்" என்று ஒருவர் சொல்லும்போது சொல்பவர் முகத்தைக் காட்டுவதா, கேட்பவர் முகத்தையா? கேட்பவர் முகத்திலிருந்து எட்டு ஃபிரேம் முன்னதாக வெட்டினால் கோபமாகத் தெரியலாம். எட்டு ஃபிரேம் தாமதித்து வெட்டினால் அழுகையை அடக்குவதாகத் தெரியலாம். இந்த முடிவை ஒரு படம் முழுக்க எடுப்பவர்தான் எடிட்டர்.

பலர் கண்ணில் படாத வழி ஒன்று உண்டு: சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம். அங்கே படத்தொகுப்பு, அதாவது எடிட்டிங், நான்கு வருஷ இளங்கலைப் பட்டப்படிப்பு. பிளஸ் டூ போதும். அரசு நிறுவனம் என்பதால் கட்டணம் தனியார் கல்லூரியோடு ஒப்பிடவே முடியாத அளவு குறைவு. ஒளிப்பதிவு, இயக்கம், ஒலிப்பதிவு படிக்கும் பிள்ளைகளும் அதே வளாகத்தில் இருப்பார்கள். அவர்கள் எடுக்கும் குறும்படங்களை இவள் வெட்டுவாள். நாளைக்கு வேலைக்குக் கூப்பிடப் போவதும் அவர்களில் சிலர்தான். பட்டம் முடித்த பிறகு ஆசையிருந்தால் புனேயில் உள்ள மத்திய அரசின் திரைப்படக் கல்லூரி எஃப்.டி.ஐ.ஐ.க்கும் கொல்கத்தா சத்யஜித் ரே திரைப்பட நிறுவனத்துக்கும் முயலலாம். இரண்டுக்கும் பட்டம் கட்டாயம்.

"ராத்திரி வேலை, பொம்பளைப் பிள்ளைக்கு ஒத்துவராது" என்கிறாராம் பெரியப்பா. எஃப்.டி.ஐ.ஐ.யில் படித்த இந்திப் பட எடிட்டர் ரேணு சலுஜாவும் மலையாளப் பட எடிட்டர் பீனா பாலும் எடிட்டிங்குக்கு தேசிய விருது வாங்கியவர்கள். ராத்திரி வேலை இருக்கும்; பாதுகாப்பாகத் தங்க இடம் பார்ப்பது உங்கள் பொறுப்பு.

சம்பளத்தை மறைக்க மாட்டேன். முதலில் அசிஸ்டென்ட்தான்: கிளாப் அடிக்கும் இடத்தைப் பார்த்து ஒலியைப் படத்தோடு பொருத்துவது, ஒரே ஷாட்டைத் திரும்பத் திரும்ப எடுத்த டேக்குகளைப் பிரித்து அடுக்குவது, எடுத்த காட்சிகளை இரண்டு இடத்தில் பேக்கப் வைப்பது. கையில் வருவது குறைவு, அதுவும் மாதாமாதம் வராது. கையில் சேமிப்பு இருந்தால் அந்த நாட்களின் வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் ஒதுக்குங்கள். "மூன்று மாதத்தில் எடிட்டர்" என்று லட்சங்கள் கேட்கும் இடங்களுக்கு ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பிலேயே வீட்டில் பழகலாம்.

இந்த வாரமே ஒன்று செய்யுங்கள். நீங்களும் பெரியப்பாவும் பேசுவதை அவள் செல்போனில் எடுக்கட்டும். இரண்டு நிமிஷமாக வெட்டட்டும், பிறகு அதையே ஒரு நிமிஷமாக. ஒவ்வொரு வெட்டும் எதற்கு என்று கேளுங்கள். சலிக்காமல் காரணம் சொன்னாள் என்றால் தரமணிக்கு விண்ணப்பம் போடுங்கள். பாதியில் அலுத்துப்போனால் எனக்கு மறுபடி எழுதுங்கள், வேறு பார்க்கலாம். எப்படியானாலும் அந்த கோட்டா சீட்டுக்கு அட்வான்ஸ் கட்டாதீர்கள்.